கதைக்கு உதவாத மரங்கள்

(அறக்கட்டளைச் சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



அழைப்பிதழில் என் பேச்சுக்கு ‘திரைப்படமும் அழகியலும்’ என்று பொதுவாகத் தலைப்புப் போட்டிருக்கிறார்கள். ஒளிப்பதிவாளனாக இருந்து இயக்குநரானவன், படப்பிடிப்புக் கதைகள் நாலு சொல்லுவான் என்று எதிர்பார்த்து வந்தவர்கள் மன்னிக்க வேண்டும். நான் பேச நினைப்பது அசையாத படங்களைப் பற்றி. ஈரானிய இயக்குநர் அப்பாஸ் கியரோஸ்தமி எடுத்த புகைப்படங்களைப் பற்றி.

அந்தப் பெயரைச் சொல்லவே எனக்குக் கொஞ்சம் தயக்கம். நம் ஊரில் ‘ஈரானியப் படம்’ என்பது பாராட்டாகவும் இருக்கிறது, கேலியாகவும் இருக்கிறது. கதை சொல்லப் போன இடத்தில், ஒரு பையன் எதையோ தேடிக்கொண்டு நாலு தெரு ஓடுகிறான் என்று சொன்னால் போதும், தயாரிப்பாளர் சிரித்துக்கொண்டே ‘என்ன சார், ஈரான் படமா?’ என்பார். இன்னொரு பக்கம், ‘உலக சினிமா’ கட்டுரைகளில் அதே படங்களைச் சந்நிதியில் நிற்பதுபோல நின்று எழுதுகிறோம். இரண்டுமே அந்த மனிதரைப் பார்க்கவிடாமல் மறைக்கின்றன. படங்களை விட்டுவிட்டு அவருடைய புகைப்படங்கள் வழியாகப் போனால் ஆள் தெரிவார் என்பது என் நம்பிக்கை.

அதற்கு முன் எங்கள் தொழிலைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். சினிமாவில் எந்தப் பொருளும் சும்மா இருப்பதில்லை. படுக்கையறையில் கேமரா மேலே திரும்பி மின்விசிறியைக் காட்டினால், அடுத்து என்ன நடக்கப்போகிறது என்று திரையரங்கில் கடைசி வரிசையில் இருப்பவருக்கும் தெரியும். பால் தம்ளரை நெருங்கிக் காட்டினால் அதில் ஏதோ கலந்திருக்கிறது. வயதானவர் ஒருமுறை இருமினால் இடைவேளைக்குப் பிறகு அவர் இல்லை. விசிறி, தம்ளர், இருமல், மழை, சாலையோர மரம் எல்லாமே கதைக்குக் கூலி வேலை பார்ப்பவை. வேலை பார்க்காத பொருளை எடிட்டர் வெட்டிவிடுவார். வெட்டுவதில் தப்பும் இல்லை, அவருக்குக் கொடுத்த வேலை அது.

அன்றாட வாழ்க்கையில் மின்விசிறி வெறும் மின்விசிறிதான். மூன்றாவது இறக்கையில் தூசி அதிகம், நாலில் வைத்தால் தடதடவென்று சத்தம், அவ்வளவுதான். அது அழகாக இருக்கிறதா என்று கேட்டால், கதையின் பிடியிலிருந்து அதை விடுவித்த பிறகுதான் அந்தக் கேள்வியே எழ முடியும். அன்றாட அழகு என்று நான் சொல்வது இதைத்தான். அடுத்து நடக்கப்போகிற எதற்காகவும் இல்லாமல் ஒரு பொருள் இருப்பது. நாள் முழுக்க ஒரு ஷாட்டை அடுத்த ஷாட்டோடு கோப்பதையே பிழைப்பாகக் கொண்ட ஒருவருக்கு இந்த இருப்பின் மேல் ஏக்கம் வரும். கியரோஸ்தமிக்கு வந்தது. அவர் புகைப்படக் கருவியைத் தூக்கியதற்குக் காரணம் அந்த ஏக்கம்தான் என்பது என் வாசிப்பு.

படச்சுருளில் இருப்பதும் புகைப்படங்கள்தானே என்று நீங்கள் கேட்கலாம். நொடிக்கு 24 ஓடுகின்றன, ஒன்றை நிறுத்தினால் புகைப்படம் கிடைக்காதா? கிடைக்காது. சினிமா கேமராவில் ஷட்டர் பாதி வட்டம் திறந்திருக்கும், ஒவ்வொரு சட்டகத்திலும் ஒளி விழுவது நொடியில் 48-ல் ஒரு பங்கு நேரம். நடக்கிற மனிதரின் கை அதற்குள் நகர்ந்துவிடும். ஓடவிட்டால் அந்தக் கலங்கல்தான் அசைவை வழுவழுப்பாகக் காட்டுகிறது, நிறுத்திப் பார்த்தால் கைக்குப் பதில் புகை. சினிமாவின் சட்டகம் தனியாக நிற்பதற்காக எடுக்கப்படுவதே இல்லை, முன்னாலிருப்பதையும் பின்னாலிருப்பதையும் நம்பித்தான் அது பிறக்கிறது. அதனால்தான் செட்டில் தனியாக ஸ்டில் போட்டோகிராபர் ஒருவர் வேண்டியிருக்கிறது. ஷாட் ஓகே ஆனதும் ‘ஒரு ஸ்டில்’ என்று அவர் குரல் கொடுப்பார். அழுதுகொண்டிருந்த நடிகை கண்ணைத் துடைக்காமல் அப்படியே நிற்பார். லைட்மேன்கள் அலுத்துக்கொள்வார்கள். ஆனால் நாற்பது வருடம் கழித்து அந்தப் படத்திலிருந்து நமக்கு ஞாபகம் இருப்பது பெரும்பாலும் படத்தில் இல்லாத அந்த நொடிதான். ‘ஸ்டில்ஸ்’ என்பதையே பெயருக்கு முன்னால் பட்டம்போல வைத்துக்கொண்ட அந்தக் கலைஞர்களைப் பற்றித் தனியாக ஒரு சொற்பொழிவு வைக்க வேண்டும். பல்கலைக்கழகம் கவனிக்கட்டும்.

கியரோஸ்தமி 1940-ல் டெஹ்ரானில் பிறந்தவர். பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தார். படிப்புச் செலவுக்காகப் போக்குவரத்துக் காவல் துறையில் வேலை பார்த்தார். பிறகு விளம்பரப் படங்கள், சுவரொட்டிகள், மற்றவர்கள் படங்களுக்கு டைட்டில் வடிவமைப்பு. சிறுவர் இளைஞர்களுக்கான அறிவு வளர்ச்சி நிறுவனத்தில் திரைப்படப் பிரிவைத் தொடங்குவதில் பங்கெடுத்தார். முதல் குறும்படம் ‘ரொட்டியும் சந்தும்’ 1970-ல் வந்தது. புகைப்படம் எடுக்கத் தொடங்கியது எழுபதுகளின் கடைசியில், ஈரானியப் புரட்சியை ஒட்டி. விலை மலிவான ஒரு யாஷிகா கேமராவோடு அவர் போனது நகரத்துக்கு வெளியே, மலைகளுக்கும் சாலைகளுக்கும்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்க வேண்டும். அதே ஆண்டுகளில் அதே பெயருள்ள இன்னொருவர் டெஹ்ரான் தெருக்களில் கேமராவோடு அலைந்துகொண்டிருந்தார். அப்பாஸ் என்ற ஒற்றைப் பெயரால் உலகம் அறிந்த, மாக்னம் புகைப்பட நிறுவனத்தின் புகைப்படக்காரர். 1978 முதல் 1980 வரை புரட்சியைப் படமெடுத்தார், பிறகு நாட்டைவிட்டுப் போனவர் திரும்பிவரப் பதினேழு ஆண்டுகள் ஆயின. 1979 ஆகஸ்ட் 27 அன்று சனந்தாஜில், கண்கட்டப்பட்ட குர்து ஆண்களைத் துப்பாக்கிப் படை சுட்டுக்கொல்லும் நொடியை ஜஹாங்கீர் ரஸ்மி என்ற ஈரானியப் புகைப்படக்காரர் எடுத்தார். எடுத்தவர் பெயர் இல்லாமலே அது பத்திரிகையில் வந்தது, பெயர் இல்லாமலே 1980-ல் புலிட்சர் பரிசு பெற்றது. அவர் யார் என்று வெளியே தெரிய 2006 ஆனது. ஒரு நாடு இப்படிக் கொந்தளிக்கும்போது ஒருவர் மலைக்குப் போய் மரத்தைப் படமெடுக்கிறார் என்றால் கோபம் வரத்தான் செய்யும். ஈரானிலேயே கியரோஸ்தமி மீது இந்தக் குற்றச்சாட்டு கடைசிவரை இருந்தது: அரசியலிலிருந்து கழன்றுகொண்டவர், வெளிநாட்டு விழாக்காரர்களுக்குப் பிடித்த மாதிரி நிலக்காட்சி காட்டுபவர் என்று.

அந்தக் குற்றச்சாட்டை நான் லேசாக எடுத்துக்கொள்ளவில்லை. ரஸ்மியின் படத்துக்கு முன்னால் எந்த மரமும் நிற்காது. ஆனால் ரஸ்மியின் படம் எவ்வளவு வேலை செய்ய வேண்டியிருக்கிறது என்று பாருங்கள். சாட்சி சொல்ல வேண்டும், குற்றம் சாட்ட வேண்டும், எடுத்தவரைக் காப்பாற்ற அவர் பெயரை மறைக்கவும் வேண்டும். அப்படி ஒரு காலத்தில் எல்லாப் படங்களும் சாட்சிக் கூண்டில் ஏறித்தான் ஆக வேண்டும் என்று எல்லாத் தரப்பும் கேட்கும், ஆட்சியிலிருப்பவர்களும் எதிர்ப்பவர்களும். எந்தத் தரப்புக்கும் சாட்சி சொல்லாத ஒரு படத்தை எடுத்து வைப்பது தப்பித்தலாக இருக்கலாம். பிடிவாதமாகவும் இருக்கலாம். கியரோஸ்தமியிடம் இரண்டும் இருந்தன என்றே நினைக்கிறேன். எது எவ்வளவு என்று அளந்து சொல்ல எனக்குத் தெரியாது. தெரிந்ததுபோல எழுதுகிறவர்களையும் நம்புவதில்லை.

இனி ஒரு படத்தைக் கிட்டே போய்ப் பார்ப்போம். அவருடைய பனிப் படங்களில் ஒன்று என்று வைத்துக்கொள்ளுங்கள். பெரும்பாலானவற்றுக்குத் தலைப்பு கிடையாது, அதனால் எதைச் சொல்கிறேன் என்று நீங்கள் தேட வேண்டியதில்லை. கறுப்பு வெள்ளை. சரிவான நிலம் முழுக்கப் பனி. இலையில்லாத மரங்கள், ஒவ்வொன்றும் ஒரு கறுப்புக் கீற்று. அடிமரத்திலிருந்து நிழல் சரிவில் சாய்ந்து விழுகிறது. நிழலும் மரமும் சேரும் இடத்தில் எது மரம், எது நிழல் என்று பிரிக்க முடியாது. வானம் எங்கே முடிகிறது, நிலம் எங்கே தொடங்குகிறது என்பதும் இல்லை. ஆள் இல்லை. சில படங்களில் காலடித் தடம் மட்டும்.

ஒளிப்பதிவாளனுக்கு இது எவ்வளவு கஷ்டமான படம் என்று தெரியும். ஒளிமானி ஒரு முட்டாள் கருவி, எதைக் காட்டினாலும் அதை நடுத்தரச் சாம்பல் என்றே நம்பும். பனியைக் காட்டினால், இவ்வளவு வெளிச்சம் கூடாது என்று சொல்லிக் குறைக்கச் சொல்லும். அதன் பேச்சைக் கேட்டால் பனி அழுக்குச் சிமெண்ட் நிறத்தில் வரும். ஒன்றரை, இரண்டு ஸ்டாப் துணிந்து திறக்க வேண்டும். கொஞ்சம் கூடுதலாகத் திறந்தால் வெள்ளையில் விவரம் செத்துவிடும், பனியின் மேல் காற்று போட்ட வரி தெரியாது. கியரோஸ்தமி பல படங்களில் அந்த விவரத்தையும் தெரிந்தே விட்டுவிடுகிறார். நிலம் வெற்றுக் காகிதம் ஆகிவிடுகிறது. ஓவியம் படித்தவர், சுவரொட்டி போட்டவர், அவருடைய கை இங்கே தெரிகிறது. அவர் செய்வது பெரும்பாலும் கழித்தல்தான். வானத்தை எடுத்துவிட்டார், ஊரை எடுத்துவிட்டார், ஆளை எடுத்துவிட்டார், வண்ணத்தை எடுத்துவிட்டார். மிச்சமிருப்பது ஒரு மரம். அந்த மரத்தடியில் யாரும் காதலிக்கப் போவதில்லை, யாரும் தூக்கு மாட்டிக்கொள்ளவும் போவதில்லை.

நமக்குப் பனி இல்லை. ஆனால் கத்திரி வெயிலின் நடுப்பகல் இருக்கிறது, அதுவும் நிலத்தை வெள்ளையாக்குகிற ஒளிதான். எங்கள் தொழிலில் பதினொன்றிலிருந்து மூன்று வரை ‘டாப் லைட்’ என்று சொல்லிச் சாப்பாட்டுக்கு விட்டுவிடுவோம், அல்லது தலைக்கு மேல் துணியைக் கட்டி அந்த வெயிலை இல்லாமல் ஆக்குவோம். காலை ஏழு மணி மஞ்சளையும் மாலை ஆறு மணிச் சிவப்பையும் துரத்தித் துரத்தி எடுத்து, தமிழ்நாட்டில் எந்நேரமும் பொழுது விடிந்துகொண்டோ சாய்ந்துகொண்டோ இருப்பதுபோல ஒரு நிலத்தைத் திரையில் உண்டாக்கி வைத்திருக்கிறோம். நம் மக்களின் பெரும்பகுதி வாழ்க்கை அந்தப் பதினொன்றுக்கும் மூன்றுக்கும் நடுவில்தான் நடக்கிறது. இங்கே புகைப்படக் கலை படிக்கிற மாணவர்கள் யாராவது அந்த நாலு மணி நேரத்தை மட்டும் எடுத்துக்கொண்டு வேலை செய்தால் நான் பார்க்க ஆசைப்படுவேன்.

கியரோஸ்தமி எடுத்த இன்னொரு வரிசை மழைப் படங்கள். காருக்குள் உட்கார்ந்து முன்கண்ணாடி வழியாக எடுத்தவை. கண்ணாடியில் துளிகள், வழிந்தோடும் நீர்க்கோடுகள், அதற்கப்பால் கரைந்துபோன மரங்கள், எதிரே வரும் வண்டியின் விளக்கு ஒரு மஞ்சள் கறை. அவருடைய சினிமா தெரிந்தவர்களுக்கு இந்தக் கார் பழக்கமானதுதான். 1997-ல் கான் விழாவில் தங்கப் பனை வாங்கிய ‘செர்ரியின் சுவை’ பெரும்பாலும் ஒரு காருக்குள் நடக்கிறது. 2002-ல் வந்த ‘டென்’ முழுக்கவே காருக்குள், கண்ணாடிக்குக் கீழே பொருத்திய சிறு டிஜிட்டல் கேமராக்களில். ஆனால் அந்தக் கார்கள் எங்கோ போகின்றன. ஒருவர் தன் பிணத்துக்கு மண் தள்ள ஆள் தேடிப் போகிறார், ஒரு பெண் தன் மகனைக் கொண்டுபோய் விடுகிறாள். மழைப் படங்களில் கார் எங்கும் போவதில்லை. வைப்பரைப் போடாமல் ஒரு மனிதர் உட்கார்ந்திருக்கிறார். ஓட்டுநருக்கு மழை இடைஞ்சல், கண்ணாடியைத் துடைத்துவிட்டு வழியைப் பார்க்கத்தான் கை போகும். இவர் வழியை விட்டுவிட்டு, வழியை மறைக்கிற தண்ணீரைப் பார்க்கிறார். அவருடைய படங்களிலேயே எனக்கு மிகப் பிடித்தவை இவைதான். பனிப் படங்களில் கொஞ்சம் அதிகமாகவே சுத்தம் இருக்கிறது, சுவரில் மாட்ட விரும்புகிறவர்களின் ரசனைக்கு ஏற்ற சுத்தம். மழைப் படங்கள் அழுக்கானவை. கண்ணாடியின் அழுக்கும் சேர்ந்து வந்துவிடுகிறது.

இதுவரை கேட்டவர்களுக்கு, இவர் ஏதோ கண்ணில் பட்டதை அப்படியே எடுக்கிற சாது என்று தோன்றியிருக்கும். அது உண்மையில்லை. ‘நண்பனின் வீடு எங்கே?’ படத்தில், வகுப்புத் தோழனின் நோட்டுப் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்க ஓடும் சிறுவன் ஒரு குன்றின் மேல் ஏறிப்போகிறான். குன்றில் வளைந்து வளைந்து ஏறும் ஒரு பாதை, உச்சியில் ஒற்றை மரம். 1987-ல் வந்த அந்தப் படத்தைப் பார்த்தவர்கள் கதையை மறந்தாலும் அந்தப் பாதையை மறக்க மாட்டார்கள். அது காலங்காலமாக ஆடுமாடுகள் நடந்து உண்டான தடம்போல இருக்கும். படத்துக்காகப் போட்ட பாதை அது. இன்னொன்று 2003-ல் எடுத்த ‘ஃபைவ்’, ஜப்பானிய இயக்குநர் ஓசுவுக்குக் காணிக்கையாக்கியது, கடலோரத்தில் ஐந்து நீண்ட காட்சிகள், வசனம் இல்லை. கடைசிக் காட்சியில் இரவு, குளத்துத் தண்ணீரில் நிலா, தவளைச் சத்தம், மேகம் மறைக்கிறது, மழை, விடியல். ஒரே ஷாட் போலத் தோன்றும் அது பல இரவுகளில் எடுத்துச் சேர்த்தது. தவளைகளின் சத்தத்தை ஒரு கச்சேரிபோலக் கோத்திருக்கிறார்கள்.

இது மோசடியா? படம் காட்டி முடிந்ததும் மாணவர்கள் இதைக் கேட்பார்கள். முகம் வாடிவிடும் அவர்களுக்கு. மோசடி இல்லை என்பது என் கட்சி. பாதை போட்டாரே தவிர, அந்தப் பாதையைக் கதையின் வேலைக்காரனாக அவர் வைக்கவில்லை. நம் படங்களில் நாயகன் மலை ஏறுகிறான் என்றால் ஏறுவதில் பாதியை வெட்டிவிடுவோம், உச்சியில் நிற்கும்போது இசை வரும். இவர் பையனை அடியிலிருந்து உச்சிவரை முழுக்க ஏறவிடுகிறார், நாமும் பாதையைப் பார்த்துக்கொண்டே இருக்கிறோம். நேரம் போகப்போக அது கதையிலிருந்து கழன்று, வெறும் பாதையாக நிற்கிறது. அப்படிக் கழலுவதற்கான இடத்தை உண்டாக்கத்தான் அவர் மண்வெட்டியை எடுத்தார். அன்றாடத்தைக் காட்டுவதற்கு அன்றாடத்தை அப்படியே விட்டுவைத்தால் போதாது. கூட்டம் கூடாமல் தடுக்க வேண்டும், மைக்கைத் தூர வைக்க வேண்டும், நிலாவுக்குக் காத்திருக்க வேண்டும், வராத இரவை எறிந்துவிட வேண்டும்.

அந்தப் பாதை இருந்த கோக்கர் கிராமத்தை 1990 ஜூன் 21 நிலநடுக்கம் தரைமட்டமாக்கியது. வட ஈரானில் பல்லாயிரக்கணக்கானோர் இறந்தார்கள். தன் படத்தில் நடித்த பையன்கள் உயிரோடு இருக்கிறார்களா என்று பார்க்கக் கியரோஸ்தமி மகனோடு காரில் போனார். அந்தப் பயணத்தைத்தான் பின்னர் ‘வாழ்க்கை தொடர்கிறது’ என்று 1992-ல் படமாக்கினார். அதில் ஒருவர் இடிபாடுகளுக்கு நடுவே தொலைக்காட்சி ஆன்டெனாவைச் சரிசெய்துகொண்டிருப்பார். சாவு வீட்டில் இது தேவையா என்பதுபோலக் கேட்டால், நிலநடுக்கம் எப்போதோ வருவது, உலகக் கோப்பை நாலு வருடத்துக்கு ஒருமுறை வருமே என்பார். இன்னொரு இடத்தில், புகைக்குழாயோடு ஒரு மனிதர் உட்கார்ந்திருக்கும் மலிவான அச்சுப் படம் சுவரில் ஒட்டியிருக்கிறது. சுவரின் விரிசல் அந்தப் படத்தையும் கிழித்துக்கொண்டு போகிறது. கேமரா அதைப் பார்த்துவிட்டு நகர்ந்துவிடும். வேறு இயக்குநராக இருந்தால் அந்த விரிசலுக்கு வயலின் வைத்திருப்பார். இடிந்த ஊரில் அழகு தேடுவது அறமா என்று இந்தப் படத்தின் மேலும் கேள்வி வந்தது. இடிந்த ஊரில் வெறும் இடிபாட்டை மட்டும் பார்ப்பது அறமா என்று எனக்குத் திருப்பிக் கேட்கத் தோன்றுகிறது. அந்த ஆன்டெனாக்காரர் இழவும் காத்தார், பந்தும் பார்த்தார்.

இனி அவருடைய கடைசிப் படம். 2016 ஜூலை 4 அன்று அவர் பாரிஸில் இறந்தார். கடைசி ஆண்டுகளில் அவர் செய்துகொண்டிருந்த வேலை ‘24 ஃபிரேம்ஸ்’. மகன் அஹ்மத் முடித்துக் கொடுக்க, 2017-ல் கான் விழாவில் திரையிட்டார்கள். ஒரு நொடியில் ஓடித் தீர்ந்துவிடும் 24 சட்டகங்கள் இங்கே ஏறத்தாழ இரண்டு மணி நேரம் ஓடுகின்றன, ஒவ்வொன்றும் நாலரை நிமிடம். புகைப்படம் எடுத்த நொடிக்கு முன்னும் பின்னும் என்ன நடந்திருக்கும் என்ற கேள்வியிலிருந்து தொடங்குகிறார். முதல் சட்டகம் அவர் எடுத்ததல்ல, புரூகல் 1565-ல் தீட்டிய, வியன்னா அருங்காட்சியகத்தில் இருக்கும் ‘பனியில் வேட்டைக்காரர்கள்’. பார்த்துக்கொண்டே இருக்கும்போது ஓவியத்தின் புகைபோக்கியிலிருந்து புகை எழுகிறது. பனி விழத் தொடங்குகிறது. நாய் ஒன்று வந்து மோந்து பார்க்கிறது. மற்றவை பெரும்பாலும் அவருடைய புகைப்படங்கள், அவற்றுக்குள் கணினி வரைகலையால் பறவையும் மாடும் மானும் அலையும் வந்து போகின்றன.

படத்தைக் கொண்டாடி எழுதியவர்கள் நிறையப் பேர். என் கருத்து கொஞ்சம் வேறு. முப்பது வருடம் மரத்தைக் கதையிலிருந்து காப்பாற்றி வைத்திருந்தவர், கடைசியில் தானே மறுபடி வேலைக்கு அனுப்பிவிட்டார். பல சட்டகங்களில் வெளியிலிருந்து திடீரென்று துப்பாக்கிச் சத்தம் கேட்கிறது. பறவை விழுகிறது, அல்லது மந்தை சிதறி ஓடுகிறது. முதல் தடவை திடுக்கிடுகிறோம். அதற்குப் பிறகு எந்தப் பறவை வந்து உட்கார்ந்தாலும் சத்தத்துக்குக் காத்திருக்கிறோம். மின்விசிறியைக் காட்டிய கதைதான். பறவையைப் பறவையாகப் பார்க்கும் சந்தர்ப்பம் போய்விடுகிறது. தனியாகச் சுவரில் தொங்கியபோது எந்தக் கேள்விக்கும் பதில் சொல்லாமல் இருந்த படங்கள் இங்கே பதில் சொல்லத் தொடங்கிவிடுகின்றன. வேட்டைக்காரர்களோடு தொடங்கியதால் வேட்டை தொடர்கிறது என்று விளக்கம் சொல்கிறார்கள். விளக்கம் சரியாக இருக்கலாம். படம் அதனால் மேலாகிவிடவில்லை.

இதே கேள்வியை, படத்துக்கு முன்னும் பின்னும் என்ன என்பதை, கியரோஸ்தமிக்கு முப்பத்தைந்து ஆண்டுகள் முன்பே வேறொரு வழியில் கேட்டவர் பிரெஞ்சு இயக்குநர் ஆன்யெஸ் வர்தா. புகைப்படக்காரராகத் தொழிலைத் தொடங்கியவர் அவர். 1954-ல் ஒரு கூழாங்கல் கடற்கரையில் ஒரு படம் எடுத்திருந்தார். உடையில்லாமல் கடலைப் பார்த்து நிற்கும் ஒரு ஆண், உட்கார்ந்திருக்கும் ஒரு சிறுவன், முன்னால் செத்துக்கிடக்கும் ஒரு ஆடு. 1982-ல் அந்த மனிதர்களைத் தேடிப்போய் ‘யுலிஸ்’ என்ற குறும்படம் எடுத்தார். சிறுவன் வளர்ந்து ஆளாகியிருந்தார், அவருக்கு அந்த நாள் ஞாபகமே இல்லை. புகைப்படத்தைக் கையில் கொடுத்தும் ஞாபகம் வரவில்லை. வர்தா அந்தப் படத்தை ஒரு ஆட்டுக்கும் காட்டுகிறார், ஆடு அதைத் தின்கிறது. கியரோஸ்தமி படத்துக்குள் புகுந்து முன்பின்னைத் தானே உண்டாக்கினார். வர்தா படத்துக்கு வெளியே போய் விசாரித்தார், கேட்டவர்கள் கை விரித்துவிட்டார்கள். அந்தக் கைவிரிப்பையே படமாக்கும் துணிச்சல் அவருக்கு இருந்தது. இரண்டு பேரில் ஒருவரைத் தேர்ந்தெடு என்றால், இந்த ஒரு விஷயத்தில் நான் வர்தா பக்கம்.

ஆனால் ‘24 ஃபிரேம்ஸ்’ முழுக்க அப்படி இல்லை. இரண்டாவது சட்டகம் மேலே சொன்னதற்கெல்லாம் விலக்கு. காரின் பக்கக் கண்ணாடி. மெல்ல அது கீழே இறங்குகிறது. வெளியே பனிவெளி, இரண்டு குதிரைகள் விளையாடுகின்றன. ஒரு பழைய டாங்கோ பாட்டு. குதிரைகள் எங்கிருந்து வந்தன, யாருடையவை, அடுத்து என்ன ஆகும் என்று ஒன்றும் இல்லை. மழைப் படங்களில் மூடியே இருந்த கண்ணாடியை இங்கே ஒருவர் இறக்கியிருக்கிறார், அவ்வளவுதான் நடக்கிறது. குதிரைகள் கணினியில் ஒட்டப்பட்டவை என்று தெரிந்துகொண்டு பார்த்தபோதும் எனக்கு அதன் ருசி குறையவில்லை. பாதை போட்ட அதே கையின் வேலை இது.

கியரோஸ்தமி கடைசிக் காலத்தில் காட்சிக்கு வைத்த இன்னொரு வரிசையையும் சொல்லிவிடுகிறேன், இங்குள்ள கட்டடக் கலை மாணவர்களுக்கு உதவும். ‘சாவியில்லாக் கதவுகள்’. ஈரான், இத்தாலி, பிரான்ஸ், மொராக்கோ என்று போன இடத்திலெல்லாம் எடுத்த பழைய கதவுகள். 2015-ல் டொரண்டோவின் ஆகா கான் அருங்காட்சியகத்தில் அவற்றை உண்மையான கதவு அளவுக்குத் துணியில் அச்சிட்டு, சந்து சந்தாக நடந்துபோகும்படி வைத்திருந்தார்கள். பூட்டு தொங்கும் கதவு, பெயிண்ட் உரிந்த கதவு, சங்கிலி மாட்டிய கதவு. சினிமாவில் கதவு என்றால் யாராவது திறந்துகொண்டு வர வேண்டும். இங்கே ஆளுயரக் கதவுக்கு முன்னால் நின்றாலும் யாரும் வருவதில்லை. அந்தப் பெரிய அளவுக்குக் காரணம் அதுதான் என்று நினைக்கிறேன். கைப்பேசித் திரையில் பார்த்தால் அது கதவின் படம், எதிரே நின்றால் கதவு. புத்தகத்திலும் இணையத்திலும் மட்டும் அவர் படங்களைப் பார்த்துக் கருத்துச் சொல்கிறவர்கள், என்னையும் சேர்த்துத்தான், இதை ஞாபகம் வைத்துக்கொள்ள வேண்டும்.

நேரம் ஆகிவிட்டது, தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். ‘24 ஃபிரேம்ஸ்’ படத்தின் இரண்டாவது சட்டகத்தை மட்டும் இப்போது திரையிடுகிறோம். அதில் துப்பாக்கிச் சத்தம் வராது என்பதை முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன், யாரும் காத்திருந்து ஏமாற வேண்டாம். கேள்விகளைத் திரையிட்ட பிறகு வைத்துக்கொள்ளலாம். பின்வரிசையில் இருப்பவர்கள் முன்னால் வந்து உட்காருங்கள், அந்த ஜன்னல் திரையை யாராவது கொஞ்சம் இழுத்துவிட்டால் நல்லது.